யந்திரத்தின் எல்லையை அளந்த அறிஞர் அலன் ரியூறிங்

கேத்திரகணித வகுப்பிலே நிறுவுக என்னும் ஏவலைக் கேளாத மாணவர் இலர். தரப்பட்டவற்றைக் கொண்டு, முன்னர் நிறுவப்பட்டவற்றைத் துணையாகப் பற்றி, படிப்படியாக ஏறி, முடிவான வரியை எழுதும்பொழுது உண்டாகும் மனநிறைவு கணிதம் பயின்றார் அனைவரும் அறிந்ததே. அம்முடிவை ஆசிரியர் சொன்னமையால் நாம் ஏற்பதில்லை. பெரும்பான்மையோர் ஒப்பினமையாலும் ஏற்பதில்லை. நிறுவல் இருத்தலாலேயே ஏற்கின்றோம்.

இவ்வாறு நிறுவும் தொழிலை முழுவதும் ஒரு யந்திரத்திடம் ஒப்படைத்துவிடலாமா? எந்தக் கூற்றைக் கொடுத்தாலும், அது நிறுவத்தக்கதா அன்றா என்று தவறாது விடையிறுக்கும் பொறி ஒன்றை அமைத்தல் கூடுமா? பேரறிஞர் பலரை மயக்கிய இவ்வினாவுக்கு 23 வயதிலே விடை கண்டவர் அலன் ரியூறிங் என்னும் ஆங்கிலேயர். கூடாது என்பதே அவர் கண்ட விடை. வியப்பு யாதெனின், கூடாது என்று நிறுவுதற்காக அவர் மனத்தால் அமைத்த யந்திரமே இன்று உலகெங்கும் பரந்துள்ள கணனியின் மூலவடிவமாயிற்று.

தமிழாசிரியன் ஒருவன் கணித மேதையைப் பற்றி எழுதப் புகுதல் சிலருக்குப் புதுமையாகத் தோன்றலாம். ஆயினும் விதி என்பது யாது, விதிவழி நிற்றல் எத்துணைத் தூரம் நம்மைக் கொண்டு செல்லும் என்னும் வினாக்கள் இலக்கணம் கற்பிப்போனுக்கும் உரியனவே. அன்றியும், இவ்வறிஞரின் வாழ்க்கை மாணவரும் ஆசிரியரும் ஒருங்கே சிந்திக்கத்தக்கது.

பிறப்பும் இளமையும்

அலன் ரியூறிங் 1912ஆம் ஆண்டு யூன் மாதம் 23ஆம் திகதி இலண்டன் மாநகரிலே பிறந்தார். தந்தையார் யூலியஸ் ரியூறிங் இந்திய ஆட்சிச் சேவையைச் சேர்ந்தவர். சென்னை மாகாணத்திலே பணிபுரிந்தவர். தாயார் சாரா, கோயம்புத்தூரை அடுத்த போத்தனூரிலே பிறந்தவர். அவர்தந்தையார் அம்மாகாணத்துப் புகைவண்டிப் பாதைகளின் தலைமைப் பொறியியலாளராய் விளங்கியவர். அலனின் தமையனார் யோன் பிறந்ததும் குன்னூரிலேயே. ஆகவே தமிழ் வழங்கும் நிலத்தோடு இக்குடும்பத்துக்கிருந்த தொடர்பு சிறிதன்று. எனினும் அலன் அந்நிலத்தைக் கண்டாரல்லர். வெப்பநாட்டு வாழ்வு பிள்ளைகளுக்கு ஒவ்வாதெனக் கருதிய பெற்றோர், இருவரையும் இங்கிலாந்திலே பிறர் இல்லத்தில் வளரவிட்டுக் கடல் கடந்து சென்றனர். தாய்தந்தையரை நெடுங்காலம் பிரிந்து வளர்ந்தமை அச்சிறுவரின் தனிமையியல்புக்கு ஒரு காரணமாயிருந்திருக்கலாம்.

1926ஆம் ஆண்டிலே ஷேர்போண் கல்லூரியிற் சேரச் சென்றபோது நாடெங்கும் பொது வேலைநிறுத்தம், புகைவண்டிகள் ஓடவில்லை. பதின்மூன்று வயதுச் சிறுவர் சவுதாம்ரன் துறைமுகத்திலிருந்து ஏறத்தாழ 60 மைல் தூரத்தைத் துவிச்சக்கர வண்டியிலே கடந்து, இடையில் ஒரு விடுதியில் இரவைக் கழித்து, கல்லூரியை அடைந்தார். பாடம் தொடங்கு முன்னரே அவர் காட்டிய உறுதி இது.

ஆயினும் அக்கல்லூரி அவரை எளிதிற் புரிந்துகொள்ளவில்லை. இலத்தீன் முதலிய பழைய மொழிகளே ஆங்கு முதன்மை பெற்றிருந்தன. கையெழுத்துச் சீரில்லை, வேலையில் ஒழுங்கில்லை என்று ஆசிரியர்கள் குறை கூறினர். விஞ்ஞானம் ஒன்றிலேயே நாட்டமுடையவனாயின் இக்கல்லூரியில் அவன் காலம் வீணாகின்றது என்னும் கருத்துப்படத் தலைமையாசிரியரும் எழுதினார். அச்சிறுவரோ ஐன்ஸ்ரீனின் சார்புக் கொள்கையைத் தாமே கற்று, தாயாருக்காக அதன் சுருக்கத்தை எழுதிக்கொண்டிருந்தார். ஆசிரியத் தொழில் பூண்டோர் இந்நிகழ்ச்சியை மறவாதிருத்தல் நன்று. நாம் வகுத்த அளவுகோலுக்குள் அடங்காத மாணவன் அறிவிலி ஆகான்.

அக்கல்லூரியிலே அவருக்கு வாய்த்த உயிர்த்தோழர் கிறிஸ்தோபர் மோர்க்கம். வானியலும் கணிதமும் இருவரையும் பிணைத்தன. 1930ஆம் ஆண்டு பெப்ரவரியில் மோர்க்கம் நோய்வாய்ப்பட்டு இறந்தார். அத்துயர் அலனின் உள்ளத்தில் ஆறாத வடுவாயிற்று. உடல் அழிந்தபின் உள்ளம் என்னாகும், உள்ளத்தின் தொழிலுக்கும் சடப்பொருளின் தொழிலுக்கும் உள்ள தொடர்பு யாது என்னும் ஆராய்ச்சி அன்று தொடங்கி அவரை விட்டு நீங்கவில்லை.

ஹில்பேட்டின் வினா

புலமைப் பரிசில் பெற்று 1931ஆம் ஆண்டிலே கேம்பிறிட்ஜ் சர்வகலாசாலையின் கிங்ஸ் கல்லூரியிற் சேர்ந்த ரியூறிங், 1935இல், 22 வயதிலே, அக்கல்லூரியின் ஆய்வுறுப்பினராகத் தெரிவுசெய்யப்பட்டார். அவ்வாண்டில் மக்ஸ் நியூமன் என்னும் பேராசான் கணிதத்தின் அடிப்படைகள் பற்றி நிகழ்த்திய விரிவுரைகளே அவர் வாழ்வின் திருப்புமுனையாயின.

கணித உலகம் அக்காலத்து எய்தியிருந்த நிலையை ஈண்டுச் சிறிது கூறுதல் வேண்டும். பதினேழாம் நூற்றாண்டிலேயே லைப்னிற்ஸ் என்னும் ஜேர்மன் அறிஞர், சிந்தனையைக் குறியீடுகளால் எழுதிக் கணக்கிடுவதுபோல் வாதங்களைத் தீர்த்துவிடலாம் என்று கனவு கண்டார். பத்தொன்பதாம் நூற்றாண்டிலே பூல், பிறேகே முதலியோர் தருக்கத்தைக் குறியீட்டு வடிவில் அமைத்தனர். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் றசலும் வைற்ஹெட்டும் கணிதம் முழுவதையும் தருக்க விதிகளினின்று பெற்றுவிட முயன்றனர். கொற்றிங்கன் நகரத்துப் பேராசிரியர் டேவிட் ஹில்பேட் இம்முயற்சிக்கு முடிசூட்ட விரும்பினார். வெளிப்படையுண்மைகள் சிலவற்றையும் அனுமான விதிகள் சிலவற்றையும் கொண்ட ஒழுங்கமைப்பு ஒன்றிலே முரண்பாடு தோன்றாதா, உண்மைகள் யாவும் அதனுள் நிறுவப்படுமா, எந்தக் கூற்றும் நிறுவத்தக்கதா அன்றா எனத் தீர்மானிக்கும் நிச்சயமான முறை உண்டா என்பன அவர் எழுப்பிய வினாக்கள். இவற்றுள் இறுதியானது தீர்மானப் பிரச்சினை எனப் பெயர் பெற்றது.

1931ஆம் ஆண்டிலே வியன்னாவைச் சேர்ந்த கூட் கேடல் என்னும் இளைஞர் முதலிரு வினாக்கள்மீதும் பேரிடி விழச் செய்தார். எண்கணிதத்தை உள்ளடக்கும் எந்த ஒழுங்கமைப்பும், முரண்பாடற்றதாயின், தன்னுள் நிறுவவும் மறுக்கவும் இயலாத கூற்றுக்களை உடையதாகும் என்றும், தனக்கு முரண்பாடில்லை என்பதைத் தானே நிறுவிக்கொள்ளமாட்டாது என்றும் அவர் காட்டினார். மூன்றாவது வினா எஞ்சி நின்றது. நிறுவத்தக்கவற்றையாவது பிறவற்றினின்றும் பிரித்தறிய வழி உண்டா என்பதே அது.

கடதாசி நாடாவும் கற்பனை யந்திரமும்

இவ்வினாவுக்கு இல்லை என்று விடை கூற வேண்டுமாயின், முறை என்னும் சொல்லின் பொருளை முதலில் வரையறுத்தல் வேண்டும். ஒரு முறையை உண்டு என்று காட்ட அம்முறையைச் சொன்னாற் போதும். எந்த முறையும் இல்லை என்று காட்டவோ, இனிப் பிறக்கப்போகும் முறைகளையும் உட்படுத்திப் பேசவேண்டும். ரியூறிங்கின் மேதை விளங்கிய இடம் இதுவே. 1935ஆம் ஆண்டுக் கோடையிலே கிறான்செஸ்ரர்ப் புல்வெளியிற் சாய்ந்திருந்தபோது வழி தோன்றிற்று எனப் பின்னாளில் நண்பருக்குக் கூறினார்.

அக்காலத்திலே கணிப்போர் என்ற சொல் யந்திரத்தைக் குறிக்கவில்லை. தாளும் எழுதுகோலும் கொண்டு கணக்குச் செய்யும் மனிதரையே குறித்தது. அம்மனிதர் செய்வதை ரியூறிங் கூர்ந்து நோக்கினார். கட்டங்களாகப் பிரிக்கப்பட்ட நீண்ட கடதாசி நாடா ஒன்று. ஒரு நேரத்தில் ஒரு கட்டம் மாத்திரமே கண்ணுக்குத் தெரியும். அதிலுள்ள குறியைப் பார்த்து, தம் மனநிலைக்கேற்ப, அதனை அழிக்கலாம், வேறொன்று எழுதலாம், ஒரு கட்டம் இடமோ வலமோ நகரலாம். எதைச் செய்யவேண்டும் என்பது ஓர் அட்டவணையில் முற்றாக எழுதப்பட்டிருக்கும். இதற்குமேல் எதுவும் வேண்டா. எத்துணைச் சிக்கலான கணிப்பும் இச்சிறு செயல்களின் தொகுதியே.

நிலைமொழி ஈற்றையும் வருமொழி முதலையும் பார்த்து இன்ன எழுத்துத் தோன்றும், இன்னது திரியும், இன்னது கெடும் எனப் புணர்ச்சி விதி கூறுகின்றது. சொற்களின் பொருளை அறியாதானும் அவ்விதிகள் பலவற்றைப் பிழையின்றிக் கையாளலாம். ரியூறிங்கின் அட்டவணையும் அத்தகையதே. பொருளறிவு வேண்டாது, எழுத்தைப் பார்த்து எழுத்தை மாற்றும் தொழில் அது.

அடுத்து அவர் கண்ட உண்மை இன்னும் ஆழமானது. அட்டவணையே குறிகளால் எழுதப்படுவதாதலின், அதனையும் நாடாவிலே எழுதி வைக்கலாம். அவ்வாறு எழுதப்பட்ட எந்த அட்டவணையையும் வாசித்து, அதன்படி நடக்கும் ஒரு பொதுயந்திரத்தை அமைக்கலாம். வேலைக்கு ஒரு பொறி வேண்டா. ஒரே பொறி எல்லா வேலைகளையும் செய்யும். செய்ந்நிரலைத் தன்னுட் கொண்டு இயங்கும் இன்றைய கணனியின் கருத்து இதுவே.

இனி எல்லையை நோக்குவோம். அவர் நிறுவலின் சாரத்தைப் பிற்காலத்தார் எளிமைப்படுத்திய வடிவிலே தருகின்றேன். எந்த யந்திரத்தின் வருணனையைக் கொடுத்தாலும், அது வேலையை முடித்து நிற்குமா, முடிவின்றி ஓடிக்கொண்டே இருக்குமா எனப் பிழையின்றிச் சொல்லும் சோதகப் பொறி ஒன்று உண்டெனக் கொள்க. அதனை உறுப்பாகக் கொண்டு மாறுபொறி ஒன்றை அமைப்போம். தனக்குத் தரப்பட்ட வருணனையைப் பற்றி, அது நிற்கும் என்று சோதகம் கூறினால் மாறுபொறி முடிவின்றி ஓடும். நில்லாது என்று கூறினால் உடனே நிற்கும். இம்மாறுபொறிக்கு அதன் சொந்த வருணனையையே கொடுப்போம். அது நிற்குமா? நிற்கும் எனின் ஓடவேண்டும். ஓடும் எனின் நிற்கவேண்டும். இரண்டும் முரண். ஆகவே அத்தகைய சோதகப் பொறி இருத்தல் இயலாது. ஒரு யந்திரம் நிற்கும் என்னும் செய்தியைத் தருக்கக் கூற்றாக எழுதிவிடலாமாதலின், எல்லாத் தருக்கக் கூற்றுக்களையும் தீர்மானிக்கும் பொறியும் இருத்தல் இயலாது.

கேத்திரகணிதத்திலே, நிறுவவேண்டியதற்கு மாறானதை உண்மையெனக் கொண்டு, அதனால் முரண்பாடு விளைதலைக் காட்டும் முறையை நம் மாணவர் அறிவர். யூக்கிளிட்டின் காலத்திலேயே வழங்கிய அப்பழைய கருவிகொண்டே ரியூறிங் புத்துலகின் வாயிலைத் திறந்தார்.

இம்முடிவின் பொருளைப் பிழைபட உணர்தலாகாது. நிறுவல் உள்ள கூற்றாயின், எல்லா நிறுவல்களையும் வரிசையாக எழுதிச் செல்லும் பொறி ஒருநாள் அதனை அடைந்தே தீரும். நிறுவல் இல்லாத கூற்றாயின் பொறி தேடிக்கொண்டே இருத்தல் கூடும். தேடுகின்ற பொறியின் அருகே காத்திருப்பவனுக்கு, இன்னும் ஒருநாள் பொறுத்தால் விடை வருமா, ஊழிக்காலம் பொறுத்தாலும் வாராதா என்று எல்லாச் சந்தர்ப்பங்களிலும் அறிவிக்கவல்ல விதி இல்லை. எல்லை என்பது அதுவே.

இதே முடிவை அமெரிக்காவிலே அலன்சோ சேர்ச் என்னும் பேராசிரியர் வேறு வழியாற் கண்டு 1936இல் முந்தி வெளியிட்டார். ஆயினும் ரியூறிங்கின் வழி எளிமையாலும் தெளிவாலும் தனிச்சிறப்புடையதென்பதை நியூமன் உணர்ந்து அதனை வெளியிடச் செய்தார். கேடலும் ரியூறிங்கின் வரையறையைக் கண்ட பின்னரே ஐயந்தெளிந்தார். ரியூறிங் பிறின்ஸ்ரனுக்குச் சென்று, சேர்ச்சின் கீழ்ப் பயின்று, 1938இல் கலாநிதிப் பட்டம் பெற்றார். கேடல் காட்டிய குறையைப் புதிய வெளிப்படையுண்மைகளை மேன்மேலும் சேர்த்துப் போக்கலாமா என்பதே அவர் அங்கு ஆராய்ந்த பொருள். குறை நீங்கவில்லை, இடம் மாறிற்று. உள்ளுணர்வு வேண்டப்படும் இடத்தை ஒதுக்கலாம், ஒழிக்கலாகாது என்பது அவ்வாராய்ச்சியின் பயன்.

போர்க்காலப் பணி

1939ஆம் ஆண்டு செப்ரெம்பரில் போர் மூண்ட மறுநாளே அவர் பிளெச்லி பார்க் என்னும் இரகசிய நிலையத்திற் பணியேற்றார். ஜேர்மன் படையினர் எனிக்மா என்னும் பொறியால் தம் செய்திகளை மறைத்து அனுப்பினர். அப்பொறியை அமைக்கத்தக்க வகைகள் ஏறத்தாழ 16க்குப் பின் 19 பூச்சியங்கள் இட்ட தொகையின. போலந்து நாட்டுக் கணித அறிஞர் றெயெவ்ஸ்கி முதலியோர் முன்னரே இதிற் பெருவெற்றி கண்டு, தம் அறிவைப் போருக்குச் சற்று முன்னர் பிரித்தானியருக்கு வழங்கியிருந்தனர். அதன்மேல் ரியூறிங் பொம் என்னும் பொறியை வகுத்தார். வெல்ச்மன் என்பவர் அதனைச் செம்மைப்படுத்தினார்.

பொம் பொறியின் தத்துவமும் நாம் மேலே கண்டதே. செய்தியிலே வானிலை அறிக்கை போன்ற வழக்கமான சொற்றொடர் ஒன்று இருக்கும் என ஊகிப்பர். ஓர் அமைப்பை உண்மையெனக் கொண்டு பொறி அனுமானித்துச் செல்லும். முரண்பாடு தோன்றின் அவ்வமைப்பைத் தள்ளிவிடும். தள்ளப்படாது எஞ்சிய சிலவற்றை மனிதர் ஆராய்வர். 1936இல் எல்லையை நிறுவிய அதே முரண்பாட்டு முறை இப்பொழுது உருக்கும் மின்னும் கொண்டு இயங்கிற்று. அத்திலாந்திக் கடலிலே கப்பல்களை மூழ்கடித்த நீர்மூழ்கிகளின் செய்திகள் வெளிப்பட்டன. மாலுமிகள் பலர் உயிர் பிழைத்தனர்.

மேதைகளின் வாழ்வில் நகைப்புக்கு இடமான செய்திகளும் உண்டு. போர்க்காலத்திலே பணத்தின் பெறுமதி வீழும் என அஞ்சிய ரியூறிங் வெள்ளிக் கட்டிகள் இரண்டை வாங்கிப் புதைத்து, இடத்தை மறைகுறியாக எழுதி வைத்தார். போர் முடிந்தபின் தேடியும் அவை அகப்படவில்லை. பகைவரின் மறைகுறியை விடுவித்தவருக்குத் தம் மறைகுறி உதவவில்லை.

கணனியும் சிந்தனையும்

போருக்குப் பின் தேசிய பௌதிக ஆய்வுகூடத்திலே மின்கணனி ஒன்றின் திட்டத்தை விரிவாக வரைந்தார். 1948இல் மான்செஸ்ரர் சர்வகலாசாலையை அடைந்தார். 1949இல் கேம்பிறிட்ஜில் நிகழ்ந்த மகாநாட்டிலே, செய்ந்நிரல் ஒன்று பிழையற்றதென நிறுவும் வழியை எடுத்துரைத்தார். யந்திரங்கள் தேற்றங்களை நிறுவலாம். யந்திரத்தின் வேலையைப் பற்றியும் தேற்றம் நிறுவவேண்டும் என்பதை அத்துணை முன்னரே அவர் கண்டார்.

1950இல் வெளிவந்த கட்டுரையிலே யந்திரம் சிந்திக்குமா என்னும் வினாவை ஆராய்ந்தார். கேடல் காட்டிய எல்லை யந்திரத்துக்கு உண்டாதலின் மனிதனே உயர்ந்தவன் என்ற வாதத்தை அவர் ஏற்கவில்லை. மனிதனுக்கு அத்தகைய எல்லை இல்லையென நிறுவியவர் யார் என்பது அவர் கேள்வி. ஒருபோதும் தவறிழைக்கலாகாது என்று யந்திரத்தை நிர்ப்பந்தித்தால் அது அறிவுடையதாதலை எதிர்பார்த்தல் முறையன்று என்பதும் அவர் கருத்து. 1951இல் றோயல் சங்கத்தின் உறுப்பினரானார். அவர் நெடுந்தூர ஓட்டத்திலும் வல்லவர்; 1947இல் மரதன் தூரத்தை 2 மணி 46 நிமிடங்களில் ஓடியவர்.

இறுதிக்காலம்

அக்காலத்து இங்கிலாந்துச் சட்டம் ஆடவர் இருவரிடையேயான காதலுறவைக் குற்றமாகக் கொண்டது. ரியூறிங் அத்தகைய உறவுடையவர். தம் இல்லத்தில் நிகழ்ந்த திருட்டைப் பொலிசாருக்கு அறிவிக்கப்போய், வினாவியபோது உண்மையை மறையாது கூறினார். 1952 மார்ச்சிலே குற்றவாளியெனத் தீர்க்கப்பட்டார். சிறைக்கு மாற்றாக ஓராண்டு உடலிலே இரசாயன மருந்து ஏற்றப்பட ஒப்பினார். இரகசியப் பணிக்கான அனுமதியும் பறிக்கப்பட்டது. நாட்டைக் காத்த அவர் தொண்டோ வெளியிற் சொல்லக்கூடாத இரகசியமாயிருந்தது.

1954ஆம் ஆண்டு யூன் 7ஆம் திகதி, 42 வயது நிரம்பு முன்னரே, வில்ம்ஸ்லோவிலுள்ள இல்லத்தில் சயனைட்டு நஞ்சினால் இறந்தார். தற்கொலை என விசாரணையிலே தீர்ப்பளிக்கப்பட்டது; தாயார் விபத்தென்றே இறுதிவரை நம்பினார். அத்தாயார் 1959இல் மகனின் வரலாற்றை எழுதியபோதும் போர்க்காலப் பணியின் இயல்பை எழுத இயலவில்லை. 1970களிலேதான் அச்செய்தி வெளிவரத் தொடங்கிற்று. 2009இல் பிரித்தானியப் பிரதமர் நாட்டின் சார்பில் வருத்தம் தெரிவித்தார். 2013இல் அரச மன்னிப்பு வழங்கப்பட்டது. 2021இல் 50 பவுண் நாணயத்தாளிலே அவர் உருவம் பொறிக்கப்பட்டது. மன்னிப்பு வேண்டியிருந்தது யாருக்கு என்பதை வாசகர் சிந்திப்பாராக.

அவருக்குப் பின்

ரியூறிங் இறந்து சில ஆண்டுகளுள் நியூவெல், சைமன், ஷோ என்போர் அமைத்த செய்ந்நிரல், றசலும் வைற்ஹெட்டும் எழுதிய பெருநூலின் ஓர் அதிகாரத்து முதல் 52 தேற்றங்களுள் 38ஐத் தானே நிறுவிற்று. 1976இல் அப்பெல், ஹாக்கன் என்போர், எத்தேசப்படத்துக்கும் நான்கு நிறங்கள் போதும் என்னும் தேற்றத்தைக் கணனியின் துணையால் நிறுவினர். மனிதக் கண்ணாற் சரிபார்க்க இயலாத நிறுவல் நிறுவலாகுமா எனப் பலர் ஐயுற்றனர். 2005இல் கொந்தியே அதன் ஒவ்வொரு படியையும் யந்திரத்தாலேயே சரிபார்த்து முடித்தார். 1996இல் மக்கூன் அமைத்த செய்ந்நிரல், 60 ஆண்டுகளுக்கு மேலாக மனிதர்க்கு அகப்படாதிருந்த றொபின்ஸ் பிரச்சினையைத் தீர்த்தது. 2024இல் சர்வதேசக் கணித ஒலிம்பியாட் வினாக்கள் ஆறனுள் நான்கை யந்திரங்கள் தீர்த்தன. இவ்வெற்றிகளுள் ஒன்றேனும் 1936இல் வகுக்கப்பட்ட எல்லையை மீறியதன்று. எல்லைக்குள் எத்துணைப் பெரிய நிலம் உண்டென்பதையே அவை காட்டுகின்றன.

மாணவர்காள்! யந்திரம் நிறுவும்போது நாம் ஏன் நிறுவப் பயிலவேண்டும் என்று நீவிர் வினாவலாம். எதனை நிறுவவேண்டும், எந்த வெளிப்படையுண்மையை ஏற்கவேண்டும், எப்பொழுது தேடலை நிறுத்தி வேறு வழி நோக்கவேண்டும் என்பவற்றை யாண்டும் தவறாது தீர்க்கும் அட்டவணை இல்லையென ரியூறிங் நிறுவிச் சென்றார். அவ்விடங்களிலே தெரிந்து துணிதல் நும் கடன். தம் இறுதியாண்டிலே பொதுமக்களுக்காக எழுதிய கட்டுரையில், விவேகத்தின் துணையற்ற தருக்கம் போதாது என்பதைக் கணிதமே தன்னுள் நின்று காட்டுகின்றது என்னும் கருத்தை அவர் வெளியிட்டார். ஈரமின்றி விதியை மாத்திரம் நோக்கிய நீதிமன்றத்தின்முன் நின்ற ஒருவரின் கருத்தாதலின் அதற்கு வலிமை அதிகம். விதியைக் கற்போமாக, விதியின் எல்லையையும் கற்போமாக.